கத்தரித்த படங்களில் பிறந்த சினிமா
(சங்கத்தின் மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



அந்நாளில் கொட்டகையில் பெரிய படம் தொடங்குமுன் அரசாங்கச் செய்திப்படம் ஓடும். நம்மில் பலர் பீடி பற்றவைக்க வெளியே போய்விடுவோம். அமைச்சர் அடிக்கல் நாட்டுவார், அணை திறக்கும், நம் முகம் அதில் வராது. அந்தச் செய்திப்படத்தையே ஆயுதமாக்கிய ஒரு தொழிலாளியைப் பற்றி இன்று பேசுகிறோம்.

அவர் கியூபாவின் சந்தியாகோ அல்வாரெஸ். 1919இல் ஹவானாவில், ஸ்பெயினிலிருந்து குடியேறியவர்களின் மகனாகப் பிறந்தார். சிறு வயதிலேயே அச்சுக்கூட வேலை. பிறகு அமெரிக்கா சென்று நியூயார்க்கில் பாத்திரம் கழுவினார். பென்சில்வேனியாவில் நிலக்கரி வெட்டினார். தோலின் நிறம் பார்த்து மனிதனை ஒதுக்கும் கொடுமையை அங்கே கண்டார். வாடகைக்கு வீடு கேட்டு நின்று, வாயைத் திறந்ததும் கதவு சாத்தப்பட்ட நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

1959இல் புரட்சி வென்றது. புதிதாக அமைந்த திரைப்படக் கழகத்தில் செய்திப்படப் பிரிவு அவர் பொறுப்பில் வந்தது. வயது நாற்பது, படமெடுத்த பழக்கம் கிடையாது. 1960 முதல் 1990 வரை அந்தப் பிரிவு ஏறக்குறைய 1,490 செய்திப்படங்களை வெளியிட்டது.

அமெரிக்காவின் வணிகத் தடையால் எல்லாவற்றுக்கும் தட்டுப்பாடு. அல்வாரெஸ் சோர்ந்துவிடவில்லை. பத்திரிகைப் படங்களைக் கத்தரித்தார். அசையாத படத்தின் மேல் காமிராவை அசைத்தார். பாட்டின் தாளத்துக்கு வெட்டி ஒட்டினார். இப்படிப் பிறந்ததுதான் 1965இல் வந்த ‘நௌ’. ஆறே நிமிடம். விளக்கவுரை இல்லை. லீனா ஹார்ன் பாடுகிறார். அமெரிக்கப் போலீசிடம் அடிபடும் கறுப்பின மக்களின் படங்கள் நம் கண்ணெதிரே வந்து நிற்கின்றன. பாத்திரம் கழுவிய நாளில் கண்டதை இருபது ஆண்டுகளுக்கும் மேல் கழித்து உலகுக்குக் காட்டிவிட்டார்!

1969இல் ஹோ சி மின் மறைந்தபோது ‘79 வசந்தங்கள்’ எடுத்தார். அதன் முடிவில் ஃபிலிமே கிழிந்து எரிவதுபோல் தோன்றும். சோஷலிச நாடுகள் தமக்குள் பிளவுபட்டு நின்ற வேதனையை அப்படிக் காட்டினார். மொழிக்கும் சாதிக்கும் கட்சிக்குமாகப் பிரிந்து நிற்கும் நாமும் பார்க்க வேண்டிய காட்சி அது.

குறையையும் மறைக்க வேண்டாம். அவர் கையில் இருந்தது அரசின் காமிரா. அமெரிக்காவின் மீது பாய்ந்த அதே வேகத்தில் அது சொந்த ஆட்சியின் மீது பாயவில்லை. 1998இல் அவர் மறைந்தார். 2009இல் யுனெஸ்கோ அந்தச் செய்திப்படங்களின் மூலச்சுருள்களை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது.

தோழர்களே, நம் டிரங்குப் பெட்டிகளில் என்ன இருக்கிறது? குடிசை இடிந்த மறுநாள் எடுத்த படம், வேலைநிறுத்தத்தில் பிடித்த தட்டி, முதல் ரேஷன் கார்டு. நம் கதையைச் சொல்ல யாரோ வருவார் என்று காத்திருந்தது போதும். அடுத்த கூட்டத்துக்கு வீட்டுக்கு ஒரு படம் கொண்டு வாருங்கள். பின்பக்கம் ஆண்டையும் இடத்தையும் பென்சிலால் எழுதி வையுங்கள். அங்கிருந்து தொடங்குவோம்.