பெயரே வரைபடம்



இல்லாத நாட்டுக்கு வரைபடம் எதற்கு என்று கேட்பார் உண்டு. கதையை எழுதி முடித்த பின்னர் நூலின் முகப்பில் சேர்க்கப்படும் அணியே அது என்பது பொதுவான எண்ணம். அமெரிக்க எழுத்தாளர் ஊர்சுலா லெ குவின் (1929–2018) இம்முறையை மாற்றினார். 1968இல் வெளிவந்த ‘எர்த்சீயின் மந்திரவாதி’ என்னும் புதினத்தைத் தொடங்கியபோது அவர் முதலில் செய்த வேலை, தீவுகளை வரைந்து அவற்றுக்குப் பெயரிட்டதேயாகும். அத்தீவுகளைப் பற்றி அப்போது அவர் அறிந்தது மிகச் சிறிதே. பெயர்களை மட்டும் அறிந்திருந்தார். அப்பெயர்களைப் பின்தொடர்ந்து சென்றே கதையைக் கண்டடைந்தார்.

எர்த்சீ, கண்டமே இல்லாத தீவுலகம். அதன் நடுவே ஹாவ்னார் என்னும் பெருந்தீவு. மந்திரம் பயிற்றும் பள்ளி அமைந்த தீவு ரோக். கதைத்தலைவன் கெட் பிறந்த கோண்ட், ஆடு மேய்ப்போர் வாழும் மலைத்தீவு. அவ்வுலகில் ஒவ்வொரு பொருளுக்கும் ஆதிமொழியில் ஓர் உண்மைப் பெயர் உண்டு. அதனை அறிந்தவனுக்கே அப்பொருள் கட்டுப்படும். ஆதலால் மாந்தர் தம் உண்மைப் பெயரை மறைத்து வைத்து, நம்பிக்கைக்குரியோரிடம் மட்டுமே வெளியிடுவர்.

ரோக் பள்ளியின் ஆசான்களுள் ஒருவர் பெயராசான். தனிக்கோபுரம் ஒன்றில் அவரிடம் பயிலும் மாணவர், தீவுகளின் முனை, குடா, கழிமுகம், கடற்பாறை ஆகிய ஒவ்வொன்றின் பெயரையும் மனனம் செய்தல் வேண்டும். கடலைப் பொதுவாக அறிந்தவன் கடலை ஆள முடியாது. துளிதோறும் அதன் பெயரை அறிதல் வேண்டும் என்பது அவர் கற்பிக்கும் பாடத்தின் சாரம். எனவே அங்கு மந்திரம் என்பது மாயக்கோலின் வீச்சன்று. நில அளவையாளனின் பொறுமையே மந்திரம்.

ஆயினும் இப்பொறுமைக்கும் ஓர் எல்லை உண்டு. இளமைச் செருக்கால் கெட் ஒரு நிழலை உலகினுள் அவிழ்த்துவிடுகிறான். முதலில் அதற்கு அஞ்சி ஓடியவன், பின்னர் நண்பன் ஒருவனுடன் அதனைத் துரத்திக் கீழைக்கடலின் கடைசித் தீவான அஸ்டோவெல்லையும் கடந்து செல்கிறான். அதற்கப்பால் வரைபடத்தில் ஒன்றுமில்லை. அங்கே நிழலை எதிர்கொண்டு அவன் உரைக்கும் பெயர், அவனுடைய சொந்தப் பெயரே. தீவுகள் அனைத்தின் பெயரையும் கற்றவன், தன் பெயரின் முழுப்பொருளை வரைபடத்துக்கு வெளியே சென்றே கற்றான்.

1971இல் வெளிவந்த ‘அடுவானின் கல்லறைகள்’ வேறுவகை வரைபடம் ஒன்றைக் காட்டுகிறது. டெனார் என்னும் சிறுமி பெற்றோரிடமிருந்து பிரிக்கப்பட்டு, பெயர் பறிக்கப்பட்டு, கல்லறைகளின் பூசாரியாக்கப்படுகிறாள். நிலத்தடிச் சுழல்வழிகளைக் கைதடவியும் திருப்பங்களை எண்ணியும் அவள் கற்கிறாள். இருளின் ஒவ்வொரு திருப்பமும் அறிந்தவளுக்குத் தன் பெயர் தெரியாது. இழந்த பெயரைக் கெட் அவளுக்குத் திருப்பித் தரும்போதே விடுதலை தொடங்குகிறது.

இவ்வளவு நுட்பமாகப் பெயரிடப்பட்ட உலகிலும் ஒரு குறை இருந்தது. ரோக் பள்ளியின் கதவு பெண்களுக்குத் திறக்கப்படவில்லை. அக்குறையைப் பிறர் சொல்லக் கேட்டுச் சினவாமல், லெ குவின் தாமே எடுத்துக்கொண்டார். 1990இல் வெளிவந்த ‘டெஹானு’வில் அதே கோண்ட் தீவு, அடுக்களையிலிருந்தும் ஆட்டுப்பட்டியிலிருந்தும் பார்க்கப்படுகிறது. கடற்கரையின் ஒரு கோடும் மாறவில்லை. பார்ப்பவர் நிற்கும் இடம் மாறியது.

அந்நூலில் ஒரு காட்சி. கெட்டின் ஆசானான ஓகியன் இறக்கும் தறுவாயில், உடனிருந்த டெனாரிடம் தம் உண்மைப் பெயரைச் சொல்கிறார். பின்னர் வந்த மந்திரவாதிகள் இருவர் அவரை எங்கே அடக்கம் செய்வது என்று வழக்காடுகின்றனர். டெனார் அப்பெயரை அவர்கள் முன் சொல்கிறாள். அவர்கள் செவியில் அது ஏறவில்லை. சொன்னவள் ஒரு நடுவயதுக் குடியானவப் பெண். பெயரே ஆற்றல் என்று வாழ்நாளெல்லாம் கற்றவர்கள், பெயர் உரைக்கப்பட்டபோது கேட்கத் தவறினர். பெயராசானின் கோபுரத்தில் கற்பிக்கப்படாத பாடம் இதுவே.

கவிஞரும் பெயரிடுவோரே. ஒரு பூவை ‘ஏதோ ஒரு பூ’ என்று எழுதும் கவிதை, வரைபடத்தில் ஓரிடத்தை வெறுமையாக விட்டுவிடுகிறது. அவ்விடத்தை நிரப்பப் புதுப்பெயர் படைக்கும் முன்னர், அப்பூவைப் பறிப்பவளும் தொடுப்பவளும் அதனை என்ன பெயரால் அழைக்கின்றனர் என்று கேட்டறிதல் நன்று. பத்தாண்டு நிறைவு காணும் இவ்வட்டம், சொல்லக் கற்றதைப் போலவே கேட்கவும் கற்று வளர்க.