வாயில்லா உயிரின் வாக்குமூலம்



நோயுற்ற மனிதன் வைத்தியரிடம் சென்றால், எங்கே நோகிறது, எப்போது தொடங்கியது என்று தானே கூறுவான். மாடு என்ன செய்யும்? கூற இயலாததோடு, நோவை மறைக்கவும் அது முயலும். மந்தையில் தளர்ந்து காணப்படும் உயிரையே வேட்டை விலங்கு முதலிற் குறிவைக்கும் அன்றோ? அந்தப் பழைய அச்சம் கொட்டிலில் வளரும் பசுவையும் விட்டகலவில்லை. சற்றுமுன் சோர்ந்து நின்ற பசு, மிருகவைத்தியர் உள்ளே நுழைந்ததும் தலைநிமிர்ந்து நிற்பதுண்டு.

ஆகவே முதற் சாட்சி வளர்ப்பவரே. நலமான பசு நாளொன்றுக்கு ஏறக்குறைய 7, 8 மணி நேரம் இரைமீட்கும். அது குறைந்தாலும், பசு கூட்டத்தை விட்டு ஒதுங்கினாலும், முதுகை வளைத்து நின்றாலும், பல்லை நெறுநெறுவெனக் கடித்தாலும், வயிற்றைக் காலால் உதைத்தாலும் வைத்தியருக்கு அவை பயனுள்ள செய்திகள். "மாட்டுக்குச் சுகமில்லை" என்பது போதாது. நேற்று எப்படி நின்றது, இன்று எப்படி நிற்கிறது என்று சொல்லுங்கள்.

வைத்தியரும் விலங்கின் இயல்பை அறிந்தே அணுகவேண்டும். பசுவுக்குப் பக்கங்கள் நன்கு தெரியும். நேர் பின்புறம் தெரியாது. அங்கிருந்து ஓசையின்றி வருபவர் உதை வாங்கினால் பசுவின் குற்றம் என்ன? வெருண்ட விலங்கின் நாடியும் மூச்சும் விரைவதால், நோயின் அளவைக் கணிப்பதும் கடினமாகும்.

இனி, உயிராபத்தான ஒன்றைச் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். விசர்நோய் என்றதும், கண்டவரையெல்லாம் கடித்தோடும் நாயே நினைவுக்கு வரும். ஊமை விசர் என்றொரு வகையும் உண்டு. அந்த நாய் பெரும்பாலும் பாய்ந்து கடிக்க வராது. இருண்ட மூலையிற் பதுங்கும். குரல் மாறும், கீழ்த்தாடை தொங்கும், விழுங்க இயலாமல் எச்சில் வடியும். தொண்டையில் எலும்பு சிக்கிற்றென இரங்கி, வாய்க்குள் கைவிடுபவர் உளர். விசர்கண்ட மாட்டுக்கும் அவ்வாறே செய்துவிடுகின்றனர். எச்சிலிலே நோய்க்கிருமி இருக்கிறது; கையில் ஒரு சிறு கீறல் போதும். மனிதரிடம் நோய்க்குறி தோன்றியபின் மருந்து பலிப்பது மிக அரிது. ஆனால் 1885 இல் லூயி பாஸ்டர் ஒரு சிறுவனுக்கு ஏற்றிய நாள் தொட்டு, காலத்தோடு ஏற்றப்படும் தடுப்பு மருந்து எண்ணற்றோரைக் காத்துள்ளது.

சாதுவான நாய் காரணமின்றிச் சீறினாலும், சீறும் நாய் திடீரெனக் குழைந்து ஒட்டினாலும் அதனைத் தொடாதீர்கள், மிருகவைத்தியருக்கு அறிவியுங்கள். கடித்திருந்தால், அல்லது காயத்தில் எச்சில் பட்டிருந்தால், சவர்க்காரமிட்டு ஓடும் நீரில் 15 நிமிடம் கழுவி, அன்றே ஆஸ்பத்திரிக்குச் செல்லுங்கள்.