கொடை என்று சொல்லாதீர்கள்

(மாணவர், தொழிலாளர் கூட்டமொன்றில் பேசியதன் எழுத்து வடிவம்)



ஓய்வுபெறும் தொழிலாளிக்குச் சேரவேண்டிய பணத்துக்குத் தமிழில் 'பணிக்கொடை' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். கவிதை எழுதுகிறவன் என்பதால் முதலில் இந்தச் சொல்லோடுதான் எனக்குச் சண்டை. கொடை என்றால் கொடுக்கிறவன் கை மேலே, வாங்குகிறவன் கை கீழே. களத்துமேட்டில் கூலி நெல்லையே தானம் மாதிரி அளந்து போட்டதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நாம். இந்தச் சொல்லுக்குள்ளே யார் உட்கார்ந்திருக்கிறார் என்று நமக்குத் தெரியாதா? ஓய்வூதியம் அரசின் தயவு அல்ல, ஊழியரின் சொத்து என்று உச்ச நீதிமன்றம் 1971லேயே தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் சொல்லிவிட்டது. கிராஜுவிட்டிக்கும் அதே நியாயத்தை 2013இல் ஜார்க்கண்ட் வழக்கொன்றில் சொன்னது.

எங்கள் சேரியிலிருந்து முதன்முதலாகக் காக்கிச் சட்டை போட்டு பஸ்ஸில் விசில் ஊதியவர் எனக்கு மாமா முறை. 1988இல் தினக்கூலிக் கண்டக்டர். 1991இல் நிரந்தரம். 2019இல் ஓய்வு. பணம் வந்ததோ 2021இல். அந்த இரண்டு வருஷமும் நான் வேலை பார்க்கும் வங்கிக்குப் பாஸ்புக்கோடு வருவார்.

"மாப்ள, ஏறிருச்சா?"

"இல்ல மாமா."

கடைசியில் வந்த தொகையில் முதல் மூன்று வருஷம் இல்லை, தாமதத்துக்கு வட்டியும் இல்லை. "தினக்கூலிக் காலம் சர்வீஸில் சேராது" என்று வாய்வார்த்தையில் சொல்லி அனுப்பிவிட்டார்கள்.

சேரும். அவருக்குப் பொருந்துகிற 1972ஆம் ஆண்டுச் சட்டம் நிரந்தரமா, தினக்கூலியா என்று பார்ப்பதில்லை. பன்னிரண்டு மாதத்தில் 240 நாள் உழைத்தாயா என்றுதான் கேட்கிறது. கடைசி அடிப்படைச் சம்பளத்தையும் பஞ்சப்படியையும் கூட்டி, 26ஆல் வகுத்து, 15ஆல் பெருக்கினால் ஒரு வருஷத் தொகை. 39,000 ரூபாய் வாங்கியவருக்கு அது 22,500. மூன்று வருஷத்துக்கு 67,500. முப்பது நாளுக்குள் கொடுக்காவிட்டால் தனிவட்டி. (2025 நவம்பர் 21 முதல் அந்தச் சட்டத்தின் இடத்தில் சமூகப் பாதுகாப்புத் தொகுப்பு வந்திருக்கிறது. முப்பது நாளும் வட்டியும் அதிலும் உண்டு.) நகைக்கடனுக்கு நாள் கணக்குப் பார்த்து வட்டி போடுகிற தொழில் என்னுடையது. நம்மிடம் வாங்கும்போது இருக்கிற ஞாபகம் கொடுக்கும்போது மட்டும் எங்கே போகிறது?

எங்கள் தெருவில் எந்த வீட்டிலும் நிலப் பத்திரம் கிடையாது. தினக்கூலிக் காலத்துச் சம்பளச் சீட்டுகளைத்தான் அத்தை மஞ்சள்பையில் சுற்றித் தகரப்பெட்டியில் வைத்திருந்தார். அதைக் காட்டினால், ரெக்கார்டு பழைய கழகத்தில் இருக்கும் என்கிறார்கள். கழகங்கள் பிரிந்தன, சேர்ந்தன, பெயர் மாறின, உண்மைதான். 1997இல் வீரன் சுந்தரலிங்கம் பெயரில் ஒரு போக்குவரத்துக் கழகம் வந்தபோது, அந்தப் பெயர் எழுதிய பஸ்ஸில் ஏறமாட்டோம் என்று ஆதிக்கச் சாதியினர் கிளம்பினார்கள். கலவரம், உயிர்ப்பலி. அந்த வருஷமே அரசு எல்லாக் கழகங்களிலிருந்தும் தலைவர்கள் பெயரை எடுத்துவிட்டது. பலகையில் பெயரை அழிக்கலாம். அதனால் ஒரு தொழிலாளியின் சர்வீஸ் அறுந்துபோகாது.

சங்கத்துக்குப் போகவில்லையா என்பீர்கள். போனார். 2018 ஜனவரி வேலைநிறுத்தத்தில் ஓய்வுபெற்றவர்களின் பாக்கியும் ஒரு கோரிக்கை. மாமாவும் அதில் நின்றவர்தான். ஆனால் ஒரு தினக்கூலியின் மூன்று வருஷம் கோரிக்கைப் பட்டியலில் ஏறவில்லை. டிப்போவில் பஸ் கழுவுகிறவர், கக்கூஸ் கழுவுகிறவர் எந்தத் தெருவிலிருந்து வருகிறார்கள் என்று விசாரித்துப் பாருங்கள், ஏன் ஏறவில்லை என்பது புரியும்.

தொழிலாளர் துறையில் இதற்கென்று உள்ள கட்டுப்பாட்டு அதிகாரியிடம் மனு போட்டிருக்கிறோம். ஜெயித்தால் நிர்வாகம் அப்பீல் போகும். போகட்டும், தொகையைக் கட்டிவிட்டுத்தான் போக முடியும்.

மாணவர்களிடம் ஒன்று கேட்கிறேன். உங்கள் தெருவில் ஓய்வுபெற்றவர் வீட்டுக்குப் போய் அந்தப் பெட்டியைத் திறக்கச் சொல்லுங்கள். சீட்டுகளைத் தேதிவாரியாக அடுக்குங்கள். வருஷத்துக்கு 240 நாள் தேறுகிறதா என்று எண்ணுங்கள். மனு எழுத நான் வருகிறேன். ஞாயிற்றுக்கிழமை எனக்கு லீவுதான்.