வீட்டு வேலைக்கும் கணக்கு உண்டு



சாலை விபத்துல ஒருத்தர் இறந்துட்டா, கோர்ட்டு இழப்பீட்டைக் குத்துமதிப்பா சொல்றதில்லை. தையல் தொழில் செய்த பெண், வயசு 35, மாச வருமானம் 10,000, அவரை நம்பி 4 பேர்னு வைங்க. 40 வயசுக்குள்ள சுயதொழில்னா, வருங்கால உயர்வுக்கு 40 சதவீதம் கூட்டி 14,000. அவரது சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழிச்சா 10,500. வருஷத்துக்கு 1,26,000. அந்த வயசுக்கு 16-ஆல் பெருக்கினா 20,16,000 ரூபாய். ஈமச்சடங்குச் செலவு தனி.

சம்பளமில்லாத இல்லத்தரசிக்கும் இதேபோல வருமானம் கணக்கிடணும்னு உச்ச நீதிமன்றம் 2021-ல் உறுதியா சொல்லியிருக்கு. "சும்மா வீட்ல இருந்தாங்க"ன்னு மனுவுல எழுத விடாதீங்க.

குழு பாஸ்புக்கையும் கடன் கட்டின ரசீதையும் பத்திரமா வைங்க. வருமானத்துக்குச் சாட்சியா அதைக் காட்டலாம். ஆறு மாசத்துக்குள்ள மனு போட்டுடுங்க.