காற்றடிக்கும் கரையில் நிற்கும் மரம்

(வானொலியில் ஒலிபரப்பான மறையுரை)



"சாமி, எம் பிள்ளைக்குக் காத்து மழை படாத எடமா ஒரு வேலை கெடைக்கணும்னு வேண்டிக்குங்க" என்று தாய்மார் கேட்பதுண்டு. நாமும் வேண்டிக்கொள்கிறோம். பெற்ற வயிறு அப்படித்தான் கேட்கும். இருந்தாலும் அந்த வேண்டுதலை இன்று ஒரு மரத்தின் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம்.

அமெரிக்காவில், கலிபோர்னியாவின் மான்டெரே கடற்கரையில் ஒருவகைச் சைப்பிரசு மரம் இருக்கிறது. உலகத்திலேயே அது இயற்கையாக வளர்வது இரண்டே இடங்களில். பெபிள் பீச் பக்கம் ஒரு தோப்பு, பாயின்ட் லோபோஸ் முனையில் இன்னொரு தோப்பு. நடுவில் கார்மேல் விரிகுடா. 1602ஆம் ஆண்டுப் பயணத்தில் விஸ்கைனோ என்ற ஸ்பானியத் தளபதியோடு கார்மேல் சபைத் துறவியரும் வந்தார்கள். அவர்களால்தான் அந்த ஊருக்கு நம் கார்மேல் அன்னையின் மலைப்பெயர் கிடைத்தது.

அந்த மரங்கள் நிற்பது கருங்கல் பாறை விளிம்பில். மண் கொஞ்சம்தான், கடல் காற்றோ ஓய்வதில்லை. கடல் பக்கத்துக் கிளைகள் உப்புக் காற்றில் கருகிப்போக, மரம் முழுவதும் கரைப்பக்கமாகச் சாய்ந்து, கூன் விழுந்த கிழவர் போல நிற்கும். பார்க்கிறவர்களுக்குப் பரிதாபமாகத்தான் இருக்கும். ஆனால் அந்தப் பாறைமேல் 200, 250 ஆண்டுகள் வாழ்ந்த மரங்கள் உண்டு.

இதன் விதையை 19ஆம் நூற்றாண்டில் உலகெங்கும் கொண்டுபோனார்கள். நியூசிலாந்திலே சில மரங்கள் 40 மீட்டர் உயரம்வரை நிமிர்ந்து வளர்ந்தன. நம் நீலகிரியிலும் ஆங்கிலேயர் நட்டார்கள். வேல்ஸ் நாட்டுப் பண்ணை ஒன்றில் இது வேறொரு சைப்பிரசோடு கலந்து, 1888இல் ஒரு புதிய கலப்பினமே பிறந்தது. அது வேலி மரமாக வெகு வேகமாக வளரும். வெயிலை மறைக்கிறது என்று அண்டை வீட்டார் வழக்காடி, கடைசியில் பிரிட்டன் நாடாளுமன்றம் உயர வேலிகளுக்கென்றே 2003இல் சட்டம் இயற்ற வேண்டியதாயிற்று! மரம் என்ன செய்யும், வெட்டிவிட மறந்தது மனிதர்கள்தானே.

கலிபோர்னியாவிலேயே, கடலைவிட்டு உள்ளே தள்ளி, வெப்பமான தோட்டங்களிலும் பண்ணைகளிலும் இதை நிறைய நட்டார்கள். புயல் இல்லை, உப்பு இல்லை, நல்ல மண். மரங்கள் மளமளவென்று வளர்ந்தன. ஆனால் 1920களின் இறுதியில் ஒரு பூஞ்சை நோய் கண்டுபிடிக்கப்பட்டது. பட்டை வெடிக்கும், பிசின் வடியும், கிளை கிளையாகக் காய்ந்து மரமே பட்டுப்போகும். உள்நாட்டில் நட்ட மரங்கள் இந்த நோயால் ஏராளமாக மடிந்தன. கடற்கரைத் தோப்புகளையோ அது பெரிதாகத் தொடவில்லை.

"பார்த்தீர்களா, காற்றுதான் மரத்தைப் பலப்படுத்துகிறது, ஆகவே துன்பம் நல்லது" என்று இங்கே முடித்துவிடலாம். பல பிரசங்கங்களில் நாம் அப்படி முடித்தும் இருக்கிறோம். அது முழு உண்மையல்ல. அந்த மரத்தைக் காப்பது கடலின் குளிர்ச்சி. கலிபோர்னியாவில் கோடையில் மழை கிடையாது. அப்போது கடலிலிருந்து மூடுபனி எழுந்து வந்து, இலையில் படிந்து, சொட்டுச் சொட்டாக வேருக்கு இறங்கும். காற்று எந்தத் திசையிலிருந்து வருகிறதோ, அதே திசையிலிருந்துதான் அந்த ஈரமும் வருகிறது. தோட்டத்துக்குப் போன மரம் காற்றிலிருந்து தப்பியது, கூடவே பனியையும் இழந்தது.

சீராக் ஞானநூல் 24ஆம் அதிகாரத்தில் ஞானம் தன்னை எர்மோன் மலைச் சைப்பிரசுக்கு ஒப்பிடுகிறது. அது வேறு இனம், ஆனால் அதுவும் பனி இறங்கும் மலையில் நிற்கும் மரம். ஆண்டவர் மத்தேயு 7இல் சொன்ன இரண்டு வீடுகளையும் நினைத்துப் பாருங்கள். பாறைமேல் கட்டிய வீட்டின்மேலும் காற்று மோதத்தான் செய்தது. நம் பிள்ளைகளுக்குக் காற்றுப்படாத இடம் தேடும்போது, ஞாயிறு திருப்பலியும் வீட்டுச் செபமும் இல்லாத இடமாகவும் பார்த்து அனுப்பிவிடுகிறோமா? சம்பளம் எவ்வளவு, தங்க இடம் உண்டா என்று விசாரிக்கிறோம். பக்கத்தில் கோவில் இருக்கிறதா என்று எத்தனை பேர் கேட்டோம்?

இன்னும் ஒன்று. பெபிள் பீச்சில் பாறை நுனியில் தனியாக ஒரு சைப்பிரசு நிற்கிறது. உலகப் புகழ் பெற்ற மரம். படத்தில் பார்த்தால், தன்னந்தனியாகக் கடலை எதிர்த்து நிற்கிறது என்றே தோன்றும். அருகில் போய்ப் பார்த்தால்தான் தெரியும், பல பத்தாண்டுகளாக எஃகு வடங்களால் அதைப் பிடித்துக் கட்டியிருக்கிறார்கள். அடியில் மண் சரியாமல் கல்சுவரும் உண்டு. 2019 பிப்ரவரிப் புயலில் ஒரு பெரிய கிளை முறிந்தது. மரம் நின்றது.

குடிகாரக் கணவனோடு போராடும் பெண்ணிடம், கடனில் மூழ்கிய குடும்பத்திடம், "கடவுள் உன்னைப் பலப்படுத்துகிறார்" என்று சொல்லிவிட்டு நாம் வீட்டுக்குப் போய்விடுகிறோம். யார் அங்கே வடம் கட்டுவது?

இந்த வாரம் அன்பியக் கூட்டத்தில் செபமாலை முடிந்ததும் உடனே எழுந்துவிட வேண்டாம். நம் தெருவில் இப்போது காற்றில் நிற்கிற வீடு எது என்று யோசிப்போம். வெட்கப்பட்டுச் சொல்லாமல் இருப்பவர்களும் இருப்பார்கள், ஊர் முழுக்கப் பேச வேண்டாம். யார் போய்ப் பார்ப்பது, எந்தக் கிழமை, கையில் என்ன கொண்டுபோவது என்று முடிவு செய்துகொண்டு எழுவோம்.