பராரை: ஓர் அடைமொழியின் பொருளும் ஆட்சியும்

(வட்டத்தின் திங்கட் கூட்டத்தில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



பெரிய பொருள்களைப் பற்றிப் பேசுவோர் இம்மேடையில் பலர் உளர். யான் ஒரே ஒரு சொல்லை எடுத்துக்கொண்டு வந்திருக்கிறேன். மரத்திற்கு அடையாக வரும் சொல் அது. சங்கப் பாட்டிற்கு வெளியே அதனைக் காண்பது அரிது. அச்சொல் 'பராரை'.

இச்சொல்லைத் தேர்ந்ததற்கு ஒரு காரணம் உண்டு. அது என் பிழையொன்றைப் பற்றியது. சில ஆண்டுகளுக்கு முன் இதே அவையில் யான் ஒரு வெண்பாப் படித்தேன். முதலடியில் 'மராமரம்' நின்றது. இரண்டாமடிக்கு 'ரா' என்னும் எதுகை வேண்டியிருந்தது. பத்துப்பாட்டில் படித்த 'பராரை' நினைவுக்கு வந்தது. 'பராரை வாழை' என்று எழுதிவிட்டேன். ஓசை நிறைந்தது, தளையும் தட்டவில்லை. அவையோரும் கைதட்டினர்.

கூட்டம் கலைந்த பின்னர், வாழைத் தோட்டம் வைத்திருக்கும் உறுப்பினர் ஒருவர் என்னிடம் வந்தார். "ஐயா, பராரை என்றால் என்ன?" என்றார். "பருத்த அடிமரம்" என்றேன். அவர் சற்றுத் தயங்கி, "வாழைக்கு அடிமரம் ஏது ஐயா? உரித்துக்கொண்டே போனால் பட்டை பட்டையாகத்தானே வரும்? குலை தள்ளும் பருவத்தில்தானே உள்ளே தண்டு எழும்பும்?" என்றார். யான் விடை சொல்ல இயலாமல் நின்றேன். நிகண்டு கற்றவன் யான். மரம் கற்றவர் அவர். அன்றிரவு தொடங்கிய தேடலின் பயனே இவ்வுரை.

முதலில் சொல்லின் அமைப்பு. 'பரு' என்பது பருமையைக் குறிக்கும் பண்பு. 'அரை' என்பது மரத்தின் அடிப்பகுதி. இரண்டும் சேர்ந்து 'பராரை' ஆயின. இக்காலத்தில் 'அரை' என்றால் பாதி என்றே முதலில் தோன்றுகிறது. அடுத்து அம்மியில் அரைக்கும் வினை தோன்றுகிறது. இடுப்பு என்னும் பொருள் பின்னுக்குச் சென்றுவிட்டது. ஆயினும் அது அழியவில்லை. குழந்தைக்குக் கட்டும் அரைஞாண் கயிற்றில் அச்சொல் இன்றும் இருக்கிறது. பேச்சில் அதனை 'அருணாக்கயிறு' என்கிறோம். 'அரை' அதனுள் உருத் தெரியாமல் மறைந்து கிடக்கிறது.

மனிதனுக்கு இடுப்பாகிய அரை, மரத்திற்கு அடிமரம் ஆயிற்று. நம் முன்னோர் மரத்தை ஓர் உடம்பாகக் கண்டனர் என்பதற்கு இது ஒரு சான்று. மரத்திற்குக் கால் உண்டு, தாள் உண்டு, அரை உண்டு. இவற்றை அடைகளாக்கி, 'கருங்கால்' என்றும் 'முள்ளரை' என்றும் பாடினர். இலவத்திற்கு முள்ளரை என்னும் அடை நற்றிணையில் வருகிறது. சிறுபாணாற்றுப்படையிலோ தாமரைக்கே முள்ளரை என்னும் அடை வருகிறது. ஆதலின் அரை என்பது பெருமரத்திற்கு மட்டும் உரியது என்று சொல்ல இயலாது. நீர்ப்பூவின் தண்டையும் அது குறிக்கும். ஆனால் 'பரு' என்பது முன்னே வந்தவுடன் தாமரை விலகிக்கொள்கிறது. அடைமொழியின் ஆற்றல் இதுதான். அது தான் சேரும் பொருளைத் தெரிந்தெடுக்கிறது.

இனிப் புணர்ச்சி. கவிஞர்கள் இதனைக் கவனிக்க வேண்டுகிறேன். பண்புப் பெயர்கள் புணரும்போது ஈறு போதலும் ஆதி நீடலும் உண்டென்று நன்னூல் கூறுகிறது. பெருமை ஊரோடு சேர்ந்து பேரூர் ஆகிறது. கருமை ஆட்டோடு சேர்ந்து காராடு ஆகிறது. அருமை உயிரோடு சேர்ந்து ஆருயிர் ஆகிறது. இம்மூன்றிலும் முதலெழுத்தே நீண்டது. அவ்வழியே சென்றால் பருமையும் அரையும் சேர்ந்து 'பாரரை' என்றல்லவா ஆக வேண்டும்? ஆனால் பாட்டில் நாம் காண்பது 'பராரை'. முதலெழுத்துக் குறிலாகவே நிற்க, அடுத்த எழுத்து நீண்டது. விதியில் அடங்காததை மரூஉ என்று ஒதுக்கிவைத்தல் நம் வழக்கம். யாப்பு நோக்கில் வேறுபாடு தெளிவு: பாரரை கூவிளம், பராரை புளிமா. 'ரரை' என இரண்டு ரகரம் குறுகி நெருங்குவதை நா விரும்பவில்லை போலும் என்பது என் ஊகம். அதற்கு மேல் வற்புறுத்த மாட்டேன்.

இலக்கணத்தில் இன்னொரு நுட்பமும் உண்டு. பராரை என்பது தன்னளவில் பெயர். பருத்த அடி என்பதே அதன் பொருள். 'பராரை மரம்' என்னும்போதுதான், பராரையை உடைய மரம் என இரண்டாம் வேற்றுமை உருபும் பயனும் தொக்கு அடையாகிறது. இது தனித்தும் நிற்கும் என்பதற்குப் பொருநராற்றுப்படை சான்று. அங்கே கரிகாலன் பொருநர்க்கு விருந்தளிக்கிறான். செம்மறியாட்டின் பருத்த மேல்தொடையை வேகவைத்துத் தருகிறான். அத்தொடைக்கும் இதே சொல்தான் வருகிறது. அளபெடுத்துப் பராஅரை என நிற்கிறது. ஆட்டிற்கும் மரத்திற்கும் ஒரே சொல்! உடம்பின் கனத்த கீழ்ப்பகுதி என்பதே அடிப்படைப் பொருள் என்பது இதனால் விளங்கும்.

இனி மரத்திற்கு வரும் இடங்களைப் பார்ப்போம். இடங்கள் இன்னும் உண்டு. நான்கினை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

முதலாவது, திருமுருகாற்றுப்படை. அதன் தொடக்கத்திலேயே, முதல் மழை பெய்த குளிர்ந்த காட்டில், இருள் சூழத் தழைத்து நிற்கும் மராமரத்திற்குப் பராரை என்பது அடை. மராமாவது கடம்பு. அதன் பூவால் ஆகிய மாலையே முருகன் மார்பில் புரள்கிறது.

இரண்டாவது, அகநானூற்றின் 309ஆம் பாட்டு. ஆனிரை கவர்ந்த மழவர், தெய்வம் உறையும் வேம்பின் அடியில் பலியிட்டுக் குருதி தூவுகின்றனர். அவ்வேம்பிற்குப் பராரை அடை.

மூன்றாவது, நற்றிணையின் 303ஆம் பாட்டு. ஊர் உறங்கும் நள்ளிரவு. மன்றத்தில் தொன்மையான கடவுள் தங்கிய பனை. அதன் மடலில் அன்றிற் பறவைகள். அப்பனைக்கும் பராரை அடை.

நான்காவது, நற்றிணையின் 218ஆம் பாட்டு. வேப்பமரத்தின் கிளையில் இருந்து இரவெல்லாம் கூகை குழறுகிறது. தலைவி தனித்திருக்கிறாள். அவ்வேம்பும் பராரை வேம்பே.

இந்நான்கையும் ஒருசேர வைத்துப் பாருங்கள். மூன்றில் தெய்வத்தோடு தொடர்புடைய மரம். நான்காவதில் நள்ளிரவில் கூகை குழறும் மரம். பருமை வெறும் அளவைக் குறிப்பதாயின், தோட்டத்து மாவிற்கும் வயலோரத்து மருதிற்கும் இச்சொல் இதே அளவில் நமக்குப் பழகியிருக்க வேண்டும். யான் எடுத்த இடங்களில் அது அச்சமும் வழிபாடும் கலந்த இடத்தில் வந்து நிற்கிறது.

இதற்கு மாறான ஒரு சான்றையும் காட்டுகிறேன். குறுந்தொகையின் 24ஆம் பாட்டிலும் வேம்பு வருகிறது. அங்கே அதற்குக் 'கருங்கால்' என்பது அடை, பராரை அன்று. ஏன்? அங்கே பேசப்படுவது புதிய பூ. தலைவன் இன்றியே வேம்பு பூத்துவிட்டதே என்று தலைவி வருந்துகிறாள். ஒளி பொருந்திய சிறு பூக்கள் கண்ணிற்படக் கரிய அடி வேண்டும். பருமை அங்கே பயனற்றது. அகநானூற்றில் பலியிடும் இடத்திலோ நிறம் பயனற்றது. முதுமையும் கனமும் வேண்டும். மரம் ஒன்றே; அடை இரண்டு. எந்த வேம்பு என்பதை அடைமொழியே நமக்குச் சொல்லிவிடுகிறது.

இவ்வளவும் கண்டபோது யான் ஒரு முடிவிற்கு வந்தேன். பராரை என்பது பருமையைச் சொல்லி முதுமையை உணர்த்தும் சொல் என்பதே அம்முடிவு. வேம்பிற்கு இது நன்கு பொருந்துகிறது. பட்டைக்கும் கட்டைக்கும் நடுவே உள்ள மெல்லிய வளர்படை, ஆண்டுக்கு ஆண்டு புதுக் கட்டையைச் சேர்த்துக்கொண்டே போகிறது. ஆகையால் பருத்த வேம்பு என்றாலே பல தலைமுறை வெட்டாது விட்ட வேம்பு. மக்கள் எதனால் வெட்டாது விட்டனர்? அதில் தெய்வம் உண்டென்று நம்பினர். பருமை, முதுமை, தெய்வம் ஆகிய மூன்றும் ஒரு சங்கிலியாக இணைவதை எண்ணி மகிழ்ந்தேன்.

அம்மகிழ்ச்சியைப் பனை கலைத்தது. முன்னர் என்னைத் திருத்திய அதே உறுப்பினரிடம் என் முடிவைச் சொன்னேன். அவர் சிரித்து, "பனை வயதாக ஆகப் பருக்காதே ஐயா, உயரத்தானே செய்யும்?" என்றார். உண்மைதான். பனை தரைக்கு மேல் எழுமுன்னரே தன் பருமையைப் பெற்றுவிடுகிறது. வேம்பைப் போல் ஆண்டுதோறும் கட்டை சேர்ப்பதில்லை. இதனைத் தொல்காப்பியரும் வேறொரு முகத்தால் உணர்ந்திருந்தார். மரபியலில், வயிரம் வெளியே உடையவற்றைப் புல் என்றும், வயிரம் உள்ளே உடையவற்றை மரம் என்றும் அவர் பிரித்தார். புறக்காழ், அகக்காழ் என்பன அவர் ஆண்ட சொற்கள். அவ்வகையில் பனை புல்லே, வேம்பே மரம். ஓலை, மடல், பாளை, ஈர்க்கு முதலியவற்றைப் புல்லிற்கும், இலை, தளிர், அரும்பு முதலியவற்றை மரத்திற்கும் உரிய சொற்களாக அவர் வகுத்ததும் நீங்கள் அறிந்ததே.

ஆகவே பனைக்குப் பராரை என்னும்போது, அப்பருமை அதன் வயதைச் சொல்வதன்று. முதுமையைச் சொல்ல அக்கவிஞர் பராரையை நம்பியிருக்கவும் இல்லை. கடவுளின் உறைவு தொன்மையானது என்று தனியே சொல்லிவிட்டார். என் முடிவில் பாதியை அன்று கைவிட்டேன். பராரை முதுமையைக் குறிக்கும் சொல் அன்று. கண்முன் நிற்கும் கனத்தைக் குறிக்கும் சொல். அக்கனத்தின் முன் மனிதன் தன் சிறுமையை உணர்கிறான். இருளிலும் தனிமையிலும் தெய்வத்தின் முன்னும் அவ்வுணர்வு மிகுகிறது. வேம்பில் அக்கனம் காலத்தால் வந்தது. பனையில் பிறவியால் வந்தது. இரண்டிற்கும் பொருந்துமாறு இப்பொருளைக் கொள்வதே முறை என்று இப்போது கருதுகிறேன்.

இங்கே ஒரு தடை எழலாம். "பழம்புலவரும் எதுகைக்காகத்தானே இச்சொல்லைப் போட்டனர்? திருமுருகாற்றுப்படையில் பராரைக்குப் பக்கத்தில் மராம் இருக்கிறதே? நற்றிணைக் கூகைப் பாட்டில் அடுத்த அடி 'ரா' எதுகை கொண்டிருக்கிறதே?" என்று கேட்கலாம். கேள்வி நேர்மையானது. ஆம், அவ்விரண்டிடத்தும் ஓசைப் பயன் உண்டு. ஆனால் மன்றப் பனையிலும் பலிபெற்ற வேம்பிலும் அவ்வெதுகை இல்லை. எதுகை ஒன்றே காரணமாயின், அங்கே இச்சொல் வரவேண்டியதில்லை. அவர்களுக்கு ஓசை கிடைத்தது, பொருளும் நின்றது. என் வெண்பாவில் ஓசை கிடைத்தது, பொருள் விழுந்தது. வேறுபாடு அவ்வளவே.

இளங்கவிஞர்களுக்கு இதனால் யான் சொல்ல விரும்புவது ஒன்று. அருஞ்சொற்களை ஆளாதீர்கள் என்று யான் சொல்ல மாட்டேன். ஆளாவிட்டால் அவை நூலகத்திலேயே உறங்கும். ஆனால் ஓர் அடைமொழியை எடுக்குமுன் அது எந்தெந்தப் பெயரோடு பழகியது என்று பாருங்கள். பின்னர் அப்பெயருக்குரிய பொருளையும் நேரில் பாருங்கள். முன்னதற்கு நூல் போதும். பின்னதற்கு மரத்தடிக்கே போக வேண்டும்.

வனத்துறையினர் மரத்தின் சுற்றளவை அளக்க ஒரு முறை வைத்திருக்கின்றனர். தரையிலிருந்து 1.37 மீட்டர் உயரத்தில், அதாவது மனிதனின் மார்பளவில், நாடாவைச் சுற்றி அளப்பர். நம் புலவர் மரத்தின் பருமையை அதன் அரையில் வைத்துச் சொன்னார்கள். இருவரும் மனித உடம்பை அருகில் நிறுத்தியே மரத்தை அளந்தனர்.

எங்கள் தெரு முனையில் ஒரு வேம்பு இருந்தது. இருவர் கைகோத்தாலும் வளைக்க இயலாத அடி. மஞ்சள் துணி சுற்றியிருப்பர். சாலையை அகலப்படுத்தியபோது அதனை வெட்டிவிட்டனர். என் பேத்தி பராரை என்றால் என்ன தாத்தா என்று கேட்டபோது, அழைத்துச் சென்று காட்ட அருகில் ஒரு மரம் இல்லை. நூலை விரித்துத்தான் பொருள் சொன்னேன். அவள் தலையசைத்தாள்; விளங்கிக்கொண்டாளா என்பதை யான் அறியேன். சொல் வழக்கொழிவதற்குக் கவிஞர்கள் மறந்தது மட்டும் காரணம் அன்று. காட்டுவதற்குப் பொருள் இல்லாமற் போவதும் காரணம்.

பத்தாண்டு நிறைவு மலருக்காக இவ்வுரையை எழுதித் தருமாறு செயலாளர் பணித்தார். இதில் அச்சேறும் பிழைகளும் என்னுடையவை. பிழை திருத்தியவர் இந்த அவையிலேயே அமர்ந்திருக்கிறார். என் வெண்பாவில் வாழையை நீக்கி வேம்பை வைத்துவிட்டேன். தளை தட்டாதவாறு அடுத்த சீரையும் மாற்றினேன். கைதட்டல் இம்முறை அவருக்கு உரியது.