எழுபத்தோரு வாக்கு

(நம் கூட்டமைப்பின் ஆண்டுப் பொதுக்குழுவில், புதிய நிர்வாகிகள் தேர்வுக்கு முன் உறுப்பினர் ஒருவர் பேசியது)



இன்னும் கொஞ்ச நேரத்தில் நாம் புது நிர்வாகிகளைத் தேர்ந்தெடுக்கப் போகிறோம். அதற்கு முன்னால் ஒரு அரசியல்வாதியைப் பற்றிப் பேசப் போகிறேன். பயப்படாதீங்க, கட்சிப் பேச்சு இல்லை. அவர் நம்ம ஊர்க்காரரும் இல்லை. கடலுக்கு நடுவில் இருக்கிற லட்சத்தீவுக்காரர். பெயர் பி.எம்.சயீத்.

லட்சத்தீவு எங்கே இருக்கு என்று கேட்டால், கேரளாவுக்கு மேற்கே அரபிக்கடலில். மொத்தம் 36 தீவு. அதில் ஜனங்கள் குடியிருக்கிறது 10 தீவில்தான். எல்லாத் தீவையும் சேர்த்தால்கூட நிலம் 32 சதுர கிலோமீட்டர். 2011 கணக்குப்படி மக்கள்தொகை 64,473. பக்கத்தில் இருக்கிற ஆவடியில் மட்டும் அதைப்போல ஐந்து மடங்குக்கு மேல் ஜனம். ஆனாலும் அந்தத் தீவுகளுக்கென்று நாடாளுமன்றத்தில் ஒரு இடம் உண்டு. இன்னொன்று சொன்னால் ஆச்சரியப்படுவீங்க. 1956 நவம்பர் 1 அன்று தனி யூனியன் பிரதேசம் ஆகும் வரைக்கும், அந்தத் தீவுகள் நம்ம சென்னை மாநிலத்தோடுதான் இருந்தன.

தேங்காயும் மீனும்தான் அங்கே பிழைப்பு. பெண்கள் தேங்காய் மட்டையை ஊறவைத்து, அடித்து, கயிறு திரிப்பார்கள். பழைய காலத்தில் அந்தக் கயிற்றை ஆள்கிறவர்கள் வாங்கிக்கொண்டு, அவர்கள் வைத்த கணக்குக்கு அரிசி கொடுப்பார்கள். உழைப்பு நம்முடையது, விலை சொல்றது வேற ஆள். இந்தக் கதை நமக்கும் புதுசு இல்லையே. அப்பளம் போட்டவங்களுக்கும், பிளவுஸ் தைத்துக் கொடுத்தவங்களுக்கும் தெரியும்.

தனிப் பிரதேசம் ஆன பிறகும் பத்து வருஷம் அந்த ஜனங்கள் நாடாளுமன்றத்துக்கு ஓட்டுப் போட்டதில்லை. அவர்களுக்கான உறுப்பினரைக் குடியரசுத் தலைவரே நியமித்தார். 1967-ல்தான் முதல் தடவையாக ஓட்டுப் போட்டார்கள். அப்போது நின்று ஜெயித்தவர்தான் சயீத். ஆந்த்ரோத் தீவில் 1941-ல் பிறந்தவர். மங்களூரிலும் மும்பையிலும் படித்தவர். ஜெயித்தபோது வயது 26-ஐத் தொட்டுக்கொண்டிருந்தது.

அதற்குப் பிறகு 1971, 1977, 1980, 1984, 1989, 1991, 1996, 1998, 1999. எண்ணிப் பாருங்க. 1967-ஐயும் சேர்த்துப் பத்துத் தேர்தல். பத்திலும் அவரே ஜெயித்தார். 1977-ல் இந்திரா காந்தி அம்மையாரே தோற்றார். அந்தத் தேர்தலிலும் காங்கிரஸ்காரரான இவர் ஜெயித்தார். மத்திய இணை அமைச்சராக இருந்தார். 1998-ல் மக்களவையின் துணை சபாநாயகர் ஆனார். 2002 மார்ச்சில் சபாநாயகர் பாலயோகி ஹெலிகாப்டர் விபத்தில் இறந்தபோது, புது சபாநாயகர் வரும் வரைக்கும் அந்தப் பொறுப்பையும் இவரே பார்த்தார். நூறு கோடி ஜனங்களின் சபையை, அறுபதாயிரம் பேர் வாழ்கிற இடத்திலிருந்து போன ஒருத்தர் நடத்தினார். சின்ன இடத்திலிருந்து வந்த குரல் எடுபடாது என்று நம்மில் யாராவது நினைத்தால், இதை ஞாபகம் வச்சுக்கோங்க.

இப்போதுதான் விஷயத்துக்கு வருகிறேன். 2004-ல் பதினோராவது தடவை நின்றார். நாட்டில் அவருடைய கட்சிதான் ஆட்சிக்கு வந்தது. ஆனால் சொந்தத் தொகுதியில் அவர் தோற்றுப் போனார். எத்தனை வாக்கில் தெரியுமா? 71. வெறும் எழுபத்தோரு வாக்கு.

37 வருஷம் ஜெயித்துக்கொண்டே இருந்தவர். அவரைத் தோற்கடிக்க பெரிய அலை எதுவும் தேவைப்படவில்லை. பத்துத் தீவுக்கும் பங்கு போட்டால் தீவுக்கு ஏழு பேர். நம்ம கணக்குப்படி பார்க்கலாம். அந்தப் பக்கம் ஓட்டுப் போட்டவங்களில் 36 பேர் மட்டும் இந்தப் பக்கம் போட்டிருந்தால், அவர் ஒரு வாக்கில் ஜெயித்திருப்பார். 36 பேர் என்றால் யாரு? 12 பேர் உள்ள மூணு மகளிர் குழு. அவ்வளவுதாங்க.

"நான் ஒருத்தி வராட்டி என்ன ஆயிடப் போகுது, நீங்க முடிவு பண்ணிச் சொல்லுங்க, நான் கையெழுத்துப் போடுறேன்" என்று சொல்ற பழக்கம் நம்மிடம் இருக்கு. தீர்மானப் புத்தகத்தை வீடு வீடாகக் கொண்டுபோய் கையெழுத்து வாங்குகிற குழுவும் இருக்கு. யாருக்குக் கடன், எவ்வளவு கடன், எத்தனை தவணை என்று முடிவு செய்வது அந்தக் கூட்டம்தான். அங்கே நீங்க இல்லைன்னா உங்க முறை தள்ளிப் போகும். அப்புறம் தெருவில் நின்று வருத்தப்பட்டு என்ன பிரயோஜனம்?

அடுத்து, தோற்ற பிறகு சயீத் என்ன ஆனார்? வீட்டில் போய் உட்காரவில்லை. மத்திய மின்துறை அமைச்சராகப் பொறுப்பேற்று, டெல்லியிலிருந்து மாநிலங்களவை உறுப்பினரும் ஆனார். 2005 டிசம்பர் 18-ல் தென் கொரியாவின் சியோல் நகரில் இறக்கும்போது அவருக்கு வயது 64. மக்கள் வேண்டாம் என்று சொன்னவரை மந்திரி ஆக்கலாமா என்று நீங்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். நான் எடுத்துக்கொள்வது வேறு. தோற்றாலும் அவருடைய அனுபவம் வீணாகப் போகவில்லை. இன்றைக்கு இங்கே போட்டியிட்டு ஜெயிக்காத சகோதரி, நாளையிலிருந்து கூட்டத்துக்கே வராமல் நின்றுவிடக் கூடாது. அவங்க அனுபவம் நமக்கு வேணும்.

இனி கொஞ்சம் சங்கடமான பேச்சு. கோபித்துக்கொள்ளாதீங்க.

பத்துத் தடவை ஒருவரே இருந்தாரே, அதை மட்டும் ஒத்துக்கொள்கிறாயா என்று கேட்பீங்க. வித்தியாசம் இருக்கு. அவர் ஒவ்வொரு தடவையும் ஜனங்களிடம் போய் நின்றார். கேட்டு வாங்கின பத்துத் தடவை வேற. யாரும் கேட்காததால் தானாகவே தொடர்கிற பத்து வருஷம் வேற. எனக்குத் தெரிந்த ஒரு குழுவில் ஒன்பது வருஷமாக ஒரே அக்காதான் ஊக்குநர். தங்கமானவங்க, ஒரு ரூபாய் பிசகாது. அவங்க ஆபரேஷனுக்காக ஆஸ்பத்திரியில் படுத்த மூணு மாசம், கணக்குப் புத்தகத்தைப் பிரித்து எழுத அந்தக் குழுவில் ஆளில்லை. தவணை தவறிப் போய் வங்கியில் பதில் சொல்ல வேண்டியதாயிற்று. தப்பு அந்த அக்கா மேல் இல்லை. கற்றுக்கொள்ள முன்வராத மற்ற பதினோரு பேர் மேல்தான்.

இன்னொரு விஷயம் என் மனசை உறுத்துகிறது. லட்சத்தீவில் சொத்து தாய் வழியில் வரும். தறவாட்டு வீடு பெண்ணுடைய வீடு. கல்யாணம் ஆனால் பெண் புருஷன் வீட்டுக்குப் போவதில்லை. புருஷன்தான் மனைவி வீட்டுக்கு வந்து போவார். கேட்கவே நல்லா இருக்கில்ல? ஆனால் 1967 முதல் இதுவரை அந்த நாடாளுமன்ற இடத்துக்கு ஜெயித்துப் போனவர்கள் நாலே பேர். சயீத், அவரைத் தோற்கடித்த பூக்குஞ்ஞி கோயா, சயீத்தின் மகன் ஹம்துல்லா சயீத், முகமது ஃபைசல். நாலு பேரும் ஆண்கள். வீடு பெண் பேரில் இருந்தும், நாற்காலி பெண்ணுக்கு வரவில்லை.

நம்ம தமிழ்நாட்டில் உள்ளாட்சியில் பாதி இடம் பெண்களுக்கு என்று 2016-லேயே சட்டம் ஆகிவிட்டது. இடம் இருக்கு. அதில் போய் உட்கார்ந்து, யாரும் பின்னால் நின்று சொல்லிக் கொடுக்காமல் பேசுகிற பெண்தான் வேணும். அந்தப் பழக்கம் எங்கே வரும்? இங்கேதான் வரும். பாய் விரித்து உட்கார்ந்து, சந்தா எண்ணி, "எனக்கு இந்தக் கணக்கு புரியலை, திரும்பச் சொல்லுங்க" என்று கேட்கிற இந்தக் கூட்டத்தில்தான் வரும்.

அதனால் மூன்று வேண்டுகோள். இதுவரை பொறுப்பில் இருந்தவர்கள் கணக்கையும், வங்கியில் பேசுகிற விதத்தையும் புதியவர்களுக்குப் பக்கத்தில் உட்கார வைத்துக் கற்றுக் கொடுங்க. இதுவரை பொறுப்புக்கு வராதவர்களில் குழுவுக்கு ஒருத்தராவது இன்று பெயர் கொடுங்க. மற்ற எல்லோரும், சமையல் இருக்கு, டிரெயினுக்கு நேரமாச்சு என்று பாதியில் எழுந்து போகாமல் வாக்கைப் போட்டுவிட்டுப் போங்க.

மனசுக்குள்ளேயே கோயில் கட்டிய பூசலார் நாயனாரின் ஊர் நம்ம திருநின்றவூர். சாமி அதை ஏற்றுக்கொண்டார். ஆனால் வாக்கை மனசுக்குள்ளேயே போட்டால் எண்ணுகிறவங்க ஏற்றுக்கொள்ள மாட்டாங்க. சீட்டை வாங்கி, பெயர் எழுதி, பெட்டியில்தான் போடணும்.

 பெட்டி தயாராக இருக்கு. முதல் குழுவினர் எழுந்து வாங்க.